பத்திரத்தில் இல்லாத ஏழு

இதையெல்லாம் சரியாகத்தான் நினைவு வைத்திருக்கிறேனா என்று எனக்கே உறுதியில்லை. சாட்சிக் கூண்டில் ஏறியபோது அந்தத் தையல்காரியின் கழுத்தில் அளவு டேப் தொங்கியது என்று நான் சொன்னால் அண்ணி ஒத்துக்கொள்ள மாட்டார். கோர்ட்டுக்குப் போகிறவள் டேப்பை மாட்டிக்கொண்டா போவாள் என்பார். மழை பெய்தது எந்த மாதம் என்பதிலும் எங்களுக்குள் தகராறு உண்டு. என்னிடம் காகிதமாக இருப்பது அவளுடைய சாட்சியத்தின் நகல் ஒன்றுதான். கால் மணி நேரம் அவள் பேசியதை அது மூன்று வரியில் முடித்துவிடுகிறது. மற்றதெல்லாம் இருபத்தாறு வருஷமாக என் தலைக்குள் கிடக்கிறது. கிடந்த இடத்தில் எது எதோடு ஒட்டிக்கொண்டதோ, சொல்ல முடியாது.

அப்போது நான் ஒரு வக்கீல் அலுவலகத்தில் டைப் அடித்துக்கொண்டிருந்தேன். ஒவ்வொரு வாக்கியத்துக்கு முன்னும் ஒருமுறை இருமுவார் என்பதால் அவருக்கு இருமல் வக்கீல் என்று பெயர். குடியிருந்தது ஊருக்கு வெளியே, ஒரு செங்கல் சூளைக்காரர் வீட்டின் பின்னறையில். அவரை அண்ணன் என்றும் அவர் மனைவியை அண்ணி என்றும் கூப்பிட்டேன். வீடு முழுக்க விலைபோகாத கல்லால் கட்டியது. சூளைக்கு அடியில் அளவுக்கு மீறி வெந்து கறுத்துக் கோணியவை, மேலே வேகாமல் வெளுத்து நின்றவை எல்லாம் கலந்து. என் அறைச் சுவரில் ஆணி அடிக்க முடியாது. ஒரு கல்லில் இறங்காது, பக்கத்துக் கல்லில் அடித்தால் பொடியாக உதிரும். நல்ல கல்லெல்லாம் மற்றவர்கள் வீட்டில் இருக்கிறது என்று அண்ணி சொல்வார். அலுத்துக்கொண்டா, பெருமையாகவா என்று குரலை வைத்துக் கண்டுபிடிக்க முடியாது.

வெளிச்சம் வந்ததும் இருவரும் வேலையில் இறங்கிவிடுவார்கள். முந்தின நாள் வெட்டி ஊறப்போட்ட களிமண்ணை அண்ணன் காலால் மிதிப்பார். கட்டி ஏதும் இல்லை என்று பாதத்துக்குத் தெரியும்வரை மிதிக்க வேண்டும். அண்ணி அச்சில் மணலைத் தூவி, மண்ணை இரண்டு கையாலும் தூக்கி அடித்து, மேலே வழித்துவிட்டு, கவிழ்த்துத் தட்டி எடுப்பார். கல் வரிசையாகத் தரையில் உட்கார்ந்துகொண்டே போகும். வெயிலில் இரண்டு நாள் படுக்கையாக, பிறகு நிமிர்த்தி நாலு நாள். அப்புறம்தான் சூளையில் அடுக்குவார்கள். அதற்குள் மழை வந்தால் ஆறு நாள் உழைப்பு மறுபடியும் மண். அதனால் அந்த வீட்டில் பேச்சின் நடுவே யாராவது எழுந்து வெளியே போய் வானத்தைப் பார்த்துவிட்டு வருவார்கள். விட்ட பேச்சைத் தொடர்வார்கள் என்பது நிச்சயமில்லை. பேசாமல் உட்கார்ந்திருப்பவர்களை அங்கே யாரும் என்ன யோசனை என்று கேட்பதில்லை. எனக்கு அந்த வீடு ஒத்துப்போனதற்கு அதுதான் காரணம் என்று நினைக்கிறேன்.

சாலை போடுவதற்கு நிலம் எடுக்கப்போகிறோம் என்று அரசாங்கத்திலிருந்து நோட்டீஸ் வந்தது. பதினோரு குடும்பத்தின் நிலம். மஞ்சள் பூசிய கல்லை வரிசையாக நட்டுவிட்டுப் போனார்கள். நிலம் போவது பற்றி அண்ணன் பெரிதாக வருத்தப்படவில்லை. வருகிற இழப்பீட்டில் ஆற்றுக்கு அந்தப் பக்கம் களிமண் நிலம் ஒன்று வாங்கி மறுபடி சூளை போட்டுவிடலாம் என்று இருந்தார். ஆள் வைத்து மண்ணைத் தோண்டி, வாயில் போட்டுக்கூடப் பார்த்துவிட்டு வந்தார். ஆனால் நிர்ணயித்து அனுப்பிய தொகையைப் பார்த்தபோது, அதில் கல் காயப்போடுகிற இடத்தைக்கூட வாங்க முடியாது என்று தெரிந்தது.

அந்தத் தொகை எப்படி வந்தது என்பதுதான் விஷயம். பக்கத்தில் கடைசியாக நடந்த கிரையம் எது என்று அதிகாரிகள் பார்ப்பார்கள். அதில் எழுதியிருக்கும் விலைதான் எல்லோருக்கும் விலை. நோட்டீசுக்கு நாலு மாதம் முன்பு அந்த வெளியிலேயே ஒரு கிரையம் நடந்திருந்தது. வாங்கியவர் அண்ணன். விற்றவள் அவருடைய ஒரே தங்கை, அப்பா அவளுக்குப் பிரித்துக் கொடுத்த அரை ஏக்கரை. பத்துக்குப் பேசி, பத்திரத்தில் மூன்று என்று எழுதினார்கள். பத்து, மூன்று என்று நான் சொல்வதை எந்த அளவில் வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம். பதிவுச் செலவு குறையுமே என்று அங்கே எல்லோரும் செய்வதுதான். பத்திரம் எழுதுகிறவரே பேனாவை எடுத்ததும் எவ்வளவு காட்டலாம் என்றுதான் கேட்பார். அந்த மூன்று இப்போது பதினோரு குடும்பத்தின் நிலத்துக்கும் விலையாகிவிட்டது.

எல்லோரும் சேர்ந்து இருமல் வக்கீலிடம் வந்தார்கள். வழக்குப் போட்டாயிற்று. உண்மையில் பத்து கொடுத்தேன் என்று அண்ணன் சாட்சி சொல்லத் தயாராக இருந்தார். வக்கீல் இருமிவிட்டு, நீ சொன்னால் எடுபடாது என்றார். தொகை ஏறினால் லாபம் உனக்கு. உன் தங்கைக்கு அங்கே இப்போது நிலமே இல்லை, ஏறினாலும் இறங்கினாலும் ஒன்றுதான். அவள் வந்து சொல்லட்டும்.

தங்கைக்கு உடம்பு சரியில்லை என்றார் அண்ணன். அடுத்த வாய்தாவில் அவள் ஊரில் இல்லை என்றார். இரண்டு மனுவையும் டைப் அடித்தவன் நான். இரண்டு நாளும் வேலைக்குப் போகும் வழியில் அவள் வீட்டைக் கடந்துதான் போனேன். ஆஸ்பத்திரிக் கட்டில்களுக்கு விரிப்பும் தலையணை உறையும் தைத்துக் கொடுப்பவள். மிஷின் சத்தம் தெருமுனைவரை கேட்டது.

பொய்யின் காரணத்தை அண்ணிதான் ஒரு மதியம் எனக்குச் சொன்னார். தங்கையின் புருஷன் பஸ் டிரைவர். கெட்ட மனுஷன் இல்லை. ஆனால் காசு இருந்தால் அவருக்குக் கை அரிக்கும். கேட்டவனுக்கெல்லாம் கொடுப்பார், பார்த்ததையெல்லாம் வாங்குவார். நிலம் மூன்றுக்கு விற்றது என்று நம்பி, அந்த மூன்றில் ஒரு பழைய வேனை வாங்கினார். அது இரண்டு மாதம் ஓடி, வீட்டுக்கு முன்னால் நின்றுவிட்டது. மீதியை அண்ணன் துணிப்பையில் சுற்றித் தங்கையின் தையல் மிஷினுக்கு அடியில் வைத்துவிட்டு வந்திருந்தார். அவள் கேட்டுக்கொண்டபடி. அதில்தான் அவள் மகளை வெளியூரில் நர்ஸ் படிப்புக்குச் சேர்த்தாள். புருஷனிடம் ஸ்காலர்ஷிப் கிடைத்தது என்று சொல்லிவிட்டாள். அவர் மகள் கல்லூரி உடையில் நிற்கும் படத்தை பஸ்ஸில் ஸ்டியரிங்குக்கு மேலே ஒட்டிவைத்தார். டிரைவரே டிக்கெட்டும் கொடுக்கிற சின்ன பஸ் அது. ஏறுகிறவர் ஒருவர் விடாமல் ஸ்காலர்ஷிப் கதை கேட்டுவிட்டுத்தான் உட்கார வேண்டும்.

மழை வந்தது அப்போதுதான். நிமிர்த்தி வைத்த, இன்னும் சுடாத பச்சைக்கல் ஏழாயிரம் வெளியே இருந்தது. வடக்கே இருட்டிக்கொண்டு வந்ததும் அண்ணி குரல் கொடுத்தார். நான் என் அறையிலிருந்து ஓடினேன். பக்கத்து வயலிலிருந்து வெள்ளரிக்காரர் ஓடிவந்தார், அந்தப் பதினோரு பேரில் அவரும் ஒருவர். இரண்டு தெரு தள்ளியிருந்த தங்கையும் மிஷினை விட்டுவிட்டு ஓடிவந்தாள். சின்ன வயதிலிருந்து வானம் கறுத்தால் அவள் கால் தானாக இந்தப் பக்கம் திரும்பும் என்று அண்ணி சொல்வார்.

தார்ப்பாயின் ஒரு முனை அவள் கையில், மறுமுனை வெள்ளரிக்காரர் கையில். காற்று பாயைத் தூக்கித் தூக்கி அடித்தது.

“நல்லா இழுத்துப் பிடிம்மா. உடம்பு முடியாதவங்கன்னு உங்கண்ணன் கோர்ட்டுல சொல்லியிருக்காரு, கை கிய்யி சுளுக்கிக்கப் போகுது” என்றார் அவர்.

“எனக்கென்ன உடம்புக்கு?”

“அதத்தான் நாங்களும் கேக்குறோம். போன வாட்டி ஊர்லயே இல்லையாமே. எந்த ஊருக்குப் போயிருந்த?”

அவள் புரியாமல் பார்த்தாள்.

“உங்கண்ணன் மூணுன்னு எழுதின எழுத்து எங்க எல்லார் தலையிலயும் ஏறி உக்காந்திருக்கு. நீ வந்து நெசத்தச் சொன்னா எறங்கும்னு வக்கீல் சொல்றாரு. நீ என்னடான்னா ஆஸ்பத்திரிக்குத் தலகாணி தச்சுக்கிட்டு நோயாளியா இருக்க.”

சொல்லிக்கொண்டே பாயை இழுத்து அவள் பக்கத்து முனைக்கும் சேர்த்துக் கல் வைத்தார். திட்டுவதையும் உதவி செய்வதையும் அவர் ஒரே மூச்சில் செய்தார். தங்கை அண்ணனைப் பார்த்தாள். அவர் குனிந்து கல் அடுக்கிக்கொண்டிருந்தார். நிமிரவேயில்லை.

மழை அரை மணியில் நின்றது. ஓரத்தில் முந்நூறு கல்தான் கரைந்தது. அண்ணி வெங்காயம் நறுக்கிப் போட்டு முட்டை பொரித்து, ரொட்டியோடு எல்லோருக்கும் கொடுத்தார். வெள்ளரிக்காரர் நின்றபடியே தின்றுவிட்டுப் போய்விட்டார். நான் எழுந்தபோது, நீயும் வீட்டு ஆள்தான், உட்கார் என்றார் அண்ணி. ஈரத் துணியோடு நாலு பேரும் அடுப்பைச் சுற்றி உட்கார்ந்திருந்தோம். கூரையிலிருந்து வாளியில் சொட்டுகிற சத்தம் மட்டும் இருந்தது.

“ஏண்ணே என்கிட்ட சொல்லல?”

“சொல்லி?”

“சொல்லியிருந்தா வந்திருப்பேன்ல.”

“வந்து பத்துக்கு வித்தேம்ப. மூணுல வேன் வாங்கியாச்சு, மீதி எங்கன்னு மாப்பிள்ளை கேப்பாரு. அதுக்கு என்ன சொல்லுவ?”

அவள் ரொட்டியைப் பிய்த்தாள், தின்னவில்லை.

“அந்த மனுசன் ஸ்காலர்ஷிப்ப டிக்கெட்டோட சேத்துக் கிழிச்சுக் குடுக்குறாரு” என்றார் அண்ணி. “இல்லேன்னு ஆனா அந்த ரோட்டுல எப்படித்தான் வண்டி ஓட்டுவாரு?”

தங்கைக்குச் சிரிப்பு வந்தது. பாதியில் நின்றுவிட்டது. “அவர் கையில குடுத்திருந்தா இன்னொரு வேன் நின்னிருக்கும் அண்ணி. புள்ள படிச்சிருக்க மாட்டா.”

“யாரு இல்லேன்னா?” என்றார் அண்ணன். “நெலம் போனா போகுது. கூலிக்குப் போயி கல் அறுத்துக்கிறேன். உன் வீட்டுல அடுப்பு எரியணும்.”

“உன்னோட சேத்துப் பதினோரு அடுப்புண்ணே.”

அண்ணன் எழுந்து வெளியே போய் வானத்தைப் பார்த்தார். மழை நின்றுவிட்டது என்று எல்லோருக்கும் தெரியும். அவர் திரும்பி வருவதற்குள் அவள் எழுந்து தலையைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

“அவர்கிட்ட நான் சொல்லிக்கிறேன். வக்கீல்கிட்ட நீ சொல்லிடு” என்றாள்.

வாய்தாவுக்குப் பதினெட்டு நாள் இருந்தது. அந்தப் பதினெட்டு நாளும் அவள் சொல்லவில்லை. சொல்ல உட்கார்ந்த ஒவ்வொரு தடவையும் அவர் மகளைப் பற்றி ஏதாவது ஆரம்பித்துவிடுவார் என்று பின்னால் அண்ணியிடம் சொல்லியிருக்கிறாள். ஒருமுறை மகளுக்கு அனுப்ப ஒரு ஜோடி செருப்பு வாங்கிவந்திருந்தாராம். ஸ்காலர்ஷிப்பில் செருப்பு சேராது இல்லையா என்று கேட்டாராம். இவள் சேராது என்றாளாம்.

கோர்ட்டுக்கு எல்லோரும் அவருடைய பஸ்ஸில்தான் போனோம். நகரத்துக்கு வேறு பஸ் கிடையாது. மனைவி சாட்சிக்கு வருவது அவருக்குத் தெரியும். நிலத்தை விற்றவள் ஆமாம் விற்றேன் என்று சொல்லப் போகிறாள், அவ்வளவுதான் என்று நினைத்திருந்தார். உற்சாகமாக இருந்தார். அண்ணனைப் பார்த்து, “மச்சான், நெலத்தைத் திருப்பி வாங்கிட்டு வந்தாத்தான் திரும்பி வர டிக்கெட்டு, இல்லேன்னா எல்லாரும் நடராஜா சர்வீஸ்தான்” என்றார். வெள்ளரிக்காரர் மட்டும் சிரித்தார். தங்கை கடைசி இருக்கையில் சன்னல் ஓரமாக உட்கார்ந்துகொண்டாள். அவள் கழுத்தில் டேப் இருந்தது என்று நான் சொல்வது இந்த இடத்திலிருந்துதான். காலையில் தைத்துக்கொண்டே இருந்திருக்கிறாள், ஹாரன் கேட்டதும் அப்படியே எழுந்து வந்திருக்கிறாள்.

கோர்ட் அறையில் இரண்டு மின்விசிறி. ஒன்று சுற்றியது. அண்ணன் முதலில் ஏறிச் சொன்னார். வக்கீல் எச்சரித்தபடியே அரசாங்க வக்கீல் அவரை ஐந்து நிமிஷத்தில் முடித்து இறக்கிவிட்டார். பிறகு தங்கையைக் கூப்பிட்டார்கள். பத்துக்கு விற்றேன் என்று அவள் தெளிவாகச் சொன்னாள். பத்திரத்தில் குறைத்து எழுத இரண்டு பேரும் சம்மதித்தோம் என்றாள். நீதிபதி எழுதிக்கொண்டார்.

அரசாங்க வக்கீல் எழுந்தார். சத்தம் போடுகிறவர் இல்லை. மெதுவாக, மரியாதையாகத்தான் கேட்டார்.

“அப்ப பத்திரத்துல கையெழுத்துப் போட்டுப் பொய் சொல்லியிருக்கீங்க.”

“ஆமாங்க. பொய்தான்.”

“மீதி ஏழு வாங்கினதுக்கு ரசீது இருக்கா? பேங்க்ல போட்டீங்களா?”

“இல்லைங்க.”

“உங்க வீட்டுக்காரருக்காவது தெரியுமா?”

அவள் பதில் சொல்ல வாயெடுத்து நிறுத்தினாள். நான் திரும்பிப் பார்த்தேன். நகரத்தில் பஸ் ஒன்றரை மணி நேரம் நிற்கும். டிரைவர் சாப்பாட்டுப் பையோடு வந்து அறை வாசலில் நின்றுகொண்டிருந்தார். அவளுக்கும் சேர்த்து வாங்கிவந்திருந்தார் போல, பையில் இரண்டு பொட்டலம் தெரிந்தது. உள்ளே வரலாமா என்று வாசலில் நின்ற சிப்பந்தியைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்.

“தெரியாதுங்க” என்றாள். “மகள் படிப்புக்குக் கட்டிட்டேன். ஸ்காலர்ஷிப்புன்னு அவர்கிட்ட சொன்னேன்.”

அவருடைய சிரிப்பு உடனே போய்விடவில்லை. சொன்னது இன்னும் உள்ளே போகவில்லை என்பதுபோல் கொஞ்ச நேரம் முகத்தில் இருந்தது.

“அதாவது புருஷன்கிட்டயும் பொய். அரசாங்கத்துகிட்டயும் பொய். இன்னைக்குச் சொல்றது மட்டும் நெசம்னு கோர்ட்டு எப்படி நம்பறது?”

அவள் கூண்டின் கட்டையைப் பிடித்துக்கொண்டாள்.

“அன்னைக்குச் சொன்ன பொய்யில எனக்கு ஏழு கெடைச்சுதுங்க. இன்னைக்கு நெசத்தச் சொல்றதுல எனக்கு என்ன கெடைக்கும்னு நீங்களே பாருங்க. அதோ வாசல்ல நிக்கிறாரு, அவர்தான் என் வீட்டுக்காரரு.”

எல்லோரும் திரும்பினார்கள். நீதிபதியும் கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு பார்த்தார். அரசாங்க வக்கீல் வேறு கேள்வி இல்லை என்று உட்கார்ந்தார். நீதிபதி சொல்லச் சொல்ல டைப்பிஸ்ட் அடித்தார். பத்திரத்தில் கண்ட தொகை உண்மையல்ல என்கிறார். உண்மைத் தொகை பத்து என்கிறார். மீதியை மகளின் கல்விக்குச் செலவிட்டதாகவும் அது கணவருக்குத் தெரியாது எனவும் கூறுகிறார். நகலில் இருக்கும் மூன்று வரி இதுதான்.

நாங்கள் வெளியே வந்தபோது அவர் இல்லை. பஸ்ஸில் தன் இருக்கையில் உட்கார்ந்திருந்தார். பொட்டலம் இரண்டும் பிரிக்காமல் என்ஜின் மூடிமேல் இருந்தது. ஒவ்வொருவராக ஏறினோம். டிக்கெட் கிழித்துக் கொடுத்தார், யார் முகத்தையும் பார்க்கவில்லை. கடைசியாகத் தங்கை ஏறினாள். அவளைக் கடந்து எங்கேயோ பார்த்தபடி, “டேப்பக்கூடக் கழட்டாம வந்திருக்க” என்றார். அவள் கழற்றிச் சுருட்டிக் கைக்குள் வைத்துக்கொண்டாள்.

கிளம்பியதிலிருந்து யாரும் பேசவில்லை. வெள்ளரிக்காரர்கூட. மௌனம் எனக்குப் பழக்கம்தான் என்றாலும் அன்றைக்கு எதையாவது யாராவது பேசினால் தேவலை என்றிருந்தது. நான் டிரைவருக்கு நேர் பின்னால் இருந்தேன். ஸ்டியரிங்குக்கு மேலே அந்தப் பெண்ணின் படம் வண்டியோடு சேர்ந்து ஆடிக்கொண்டே வந்தது.

பாதி வழியில் பால்காரர் ஒருவர் காலிக் கேன்களோடு ஏறினார். தினமும் ஏறுகிறவர். காசை நீட்டியபடி வழக்கம்போல், “என்ன டிரைவரே, ஸ்காலர்ஷிப் பொண்ணு லெட்டர் போட்டுச்சா?” என்றார்.

டிரைவர் டிக்கெட்டைக் கிழிக்கப் போனவர் நிறுத்தினார். வண்டி நின்றபடியே இருந்தது. அண்ணன் தலையைக் குனிந்துகொண்டார்.

“ஸ்காலர்ஷிப்பு இல்லைங்க” என்றார் டிரைவர். “அவங்கம்மா நெலத்த வித்துப் படிக்க வைக்கிறா.”

பால்காரர் அப்படியா என்றார். டிக்கெட்டை வாங்கிக்கொண்டு கேன்களை உருட்டியபடி பின்னால் போனார். டிரைவர் வண்டியை எடுத்தார். அடுத்த நிறுத்தத்தில் ஏறிய பெண்ணிடம், அவள் எதுவும் கேட்காமலேயே, அவரே அதைச் சொன்னார். அதற்கடுத்த நிறுத்தத்திலும் சொன்னார். வீட்டு நிறுத்தத்தில் தங்கை இறங்கும்போது இரண்டு பொட்டலத்தையும் எடுத்து அவள் கையில் கொடுத்தார். ஆறிப்போயிருக்கும், சூடு பண்ணி வை, வண்டியை விட்டுவிட்டு வருகிறேன் என்றார்.

தீர்ப்பு வர ஒன்றரை வருஷமாயிற்று. உள்ளதை மறைத்து எழுதிய பத்திரத்தை அளவாக வைக்க முடியாது என்று நீதிபதி அதைத் தள்ளிவிட்டார். தங்கை சொன்ன பத்தையும் அப்படியே எடுத்துக்கொள்ளவில்லை. ஆற்றுப்பக்கம் நடந்த வேறொரு கிரையத்தை வைத்து ஏழு என்று போட்டார். அரசாங்கம் மேல்முறையீடு செய்தது. பணம் கைக்கு வர இன்னும் ஆறு வருஷம். வெள்ளரிக்காரர் அதற்குள் இறந்துவிட்டார், அவர் மகன் வாங்கிக்கொண்டார். சாட்சி சொன்ன மறு மாதமே பதிவு அலுவலகத்திலிருந்து அண்ணனுக்கு நோட்டீஸ் வந்தது, குறைத்துக் காட்டியதில் விட்டுப்போன பதிவுக் கட்டணத்தை அபராதத்தோடு கட்டச் சொல்லி. கடைசியாகச் சுட்ட ஒரு சூளைக் கல்லை விற்றுக் கட்டினார். ஆற்றுக்கு அந்தப் பக்க நிலத்தை அதற்குள் வேறு யாரோ வாங்கிவிட்டார்கள். அவர் மறுபடி சூளை போடவில்லை, வேறொருவர் சூளையில் மேஸ்திரியாக இருந்தார். இப்போது முழங்கால் மடங்காது. வீடு சாலைக்குள் வரவில்லை, இன்னும் இருக்கிறது. அண்ணி கோழி வளர்க்கிறார். இருமல் வக்கீல் தொழிலை விட்டுவிட்டு மகனோடு போய்விட்டார். மகள் நர்ஸாகி வேறு ஊரில் இருக்கிறாள், இரண்டு பிள்ளைகள். தங்கைக்குக் கண் மங்கிவிட்டது, தைப்பதில்லை. டிரைவர் ஓய்வு பெற்ற அன்று அந்தப் படத்தை பஸ்ஸிலிருந்து கழற்றி வீட்டுக்குக் கொண்டுவந்தார். வேன் வாசலில்தான் நிற்கிறது. அண்ணி கொடுத்த கோழிகள் இரண்டு அதில் முட்டையிடுகின்றன.